மூன்று பார்வைகள்

மார்ச் 4
பகலில் விளம்பரப் படங்களுக்கு எடிட்டிங். மாலையில் என் சொந்த வேலை: இணையத்தில் யாருமே பார்க்காத காணொளிகளைத் தேடி எடுத்து, வெட்டி ஒட்டி ஒரு படம். இதுவரை அறுபத்தொரு துண்டுகள். எல்லாவற்றிலும் யாரோ ஒருவர் தனியாகக் கேமராவிடம் பேசுகிறார். நான் இன்று வாய்திறந்து பேசியது, லிஃப்டில் "நாலாவது மாடி" என்று மட்டும்.

மார்ச் 9
கிடைத்துவிட்டது! வயதான ஒருவர் குளியலறைக் குழாயைக் காட்டி, "சரி பண்ணிட்டேன். இப்ப சொட்டல, பாரு" என்கிறார். பிறகு ஒரு நிமிடம் முழுக்கக் குழாய் மட்டும். சொட்டவே இல்லை. பார்வைகள்: பூஜ்யம். மூன்று தடவை பார்த்தேன்.

மார்ச் 10
படத்தின் முடிவு இதுதான்.

மார்ச் 22
ஒரு காட்சிக்கூடத்தில் படத்தைத் திரையிட ஒப்புக்கொண்டார்கள். முகம் தெரிகிற எல்லோரிடமும் சம்மதம் வாங்க வேண்டுமாம். குழாய்க்காரருக்கு எழுதி, என் நம்பரையும் கொடுத்தேன்.

மார்ச் 27
அவரே கூப்பிட்டார். பஸ் டிரைவராக இருந்து ஓய்வு பெற்றவர். குழாய் சொட்டுகிற சத்தத்தில் தூக்கம் வரவில்லை என்று மகள் வருஷக்கணக்காகச் சொல்லியும் இவர் கவனிக்கவில்லை. அவள் தன் இஷ்டப்படி கல்யாணம் செய்துகொண்டாள், இவர் போகவில்லை. இரண்டு வருஷமாகப் பேச்சில்லை. அவள் கண்ணில் படட்டும் என்று போட்ட காணொளி.

"மூணு பேர் பாத்ததா காட்டுதும்மா. நீ எத்தன தடவ பாத்தே?"

ஒரு தடவை என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன்?

மார்ச் 28
பாவி நான், அந்த மனுஷன் இப்ப மீதி ரெண்டு தடவையும் மகதான் பாத்தான்னு நம்பிட்டு உக்காந்திருப்பாரே—

ஏப்ரல் 2
குழாய்க்காரர் மறுபடி கூப்பிட்டார். நான் சொன்னதை நம்பி, மகளுக்கே போன் செய்துவிட்டாராம். அவள் எதையும் பார்க்கவில்லையாம்.

"அப்ப மூணும் நீதானா?"

"ஆமாங்க. மன்னிச்சிடுங்க."

பிறகு சொன்னார்: "குழாய சரி பண்ணிட்டேன்னதும் மக போன வச்சிடுவான்னு நெனச்சேன். 'இப்ப நிஜமாவே சொட்டலையா'ன்னு கேட்டா."

ஞாயிற்றுக்கிழமை வருகிறாளாம். குழாயைப் படத்தில் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். அது வீட்டுச் சமாச்சாரம் என்றார். சரி என்றேன்.

ஏப்ரல் 19
திரையிட்டார்கள். கடைசியில் குழாய் இல்லாமல் படம் சட்டென்று நின்றதும், முடிந்ததா இல்லையா என்று தெரியாமல் எல்லோரும் உட்கார்ந்தே இருந்தார்கள். நானும்தான்.

மே 3
குழாய்க்காரரின் இணையப் பக்கத்துக்குப் போனேன். காணொளியை நீக்கிவிட்டிருக்கிறார். சந்தோஷம்தான். ரொம்ப நேரம் அந்தப் பக்கத்தை மூடவில்லை.