ரீனா புறப்படும் முன்

திண்டுக்கல்,
ஜூன் 12

அன்புள்ள அல்போன்சாவுக்கு,

கஸ்பார் எழுதுவது. நானும் ரீனாவும் சுகம். அங்கே இப்போது சூரியன் மறைவதே இல்லையாமே, நேரத்துக்குத் தூங்கு. போனில் சொன்னால் படப்பிடிப்பு இருக்கிறது, அப்புறம் கூப்பிடுகிறேன் என்பாய். அதனால்தான் எழுதுகிறேன்.

போன ஞாயிறு பூசை முடிந்து வந்தபோது டிவியில் நீ வரும் ஆவணப்படம் ஓடியது. திமிங்கில வேட்டைக்குப் போன நார்வேக்காரர்களைப் பற்றியது. பக்கத்து வீட்டு சபிஹாவும் வந்து உட்கார்ந்தாள். படத்தைத் தமிழில் மாற்றியிருந்தார்கள். நீ வாயசைக்கிறாய், வேறு யாரோ ஒரு பெண் பேசுகிறாள். அக்காவுக்குத் தொண்டை கட்டியிருக்கா என்று சபிஹா கேட்டாள். பாதியில் எழுந்து போய்ப் படுத்துக்கொண்டேன். உன்மேல் கோபமில்லை. அசதி, அவ்வளவுதான்.

ரெண்டு வருச ஆராய்ச்சி என்றுதான் நார்வேயில் டிரோம்சோ போனாய். அப்போது ரீனாவுக்கு ஏழு வயது, இப்போது இருபத்தொன்று. நார்வே வரலாறு, ஆர்க்டிக் என்று யார் படம் எடுத்தாலும் விளக்கிச் சொல்ல உன்னைத்தான் கூப்பிடுகிறார்கள். பெருமைதான். ஸ்டேஷன் கவுண்டரில் டிக்கெட் கொடுக்கும்போதுகூட ஆட்கள் உன்னை விசாரிக்கிறார்கள். இந்தப் படத்தோடு ஊருக்கு வந்துவிடுகிறேன் என்று நாலு முறை சொன்னாய். ஐந்தாவது முறை சொன்னதை நான் ரீனாவிடம் சொல்லவில்லை.

விஷயத்துக்கு வருகிறேன். உனக்குத் தெரியாமல் அவள் உன் பல்கலைக்கழகத்துக்கே மேல்படிப்புக்கு எழுதிப் போட்டிருந்தாள். இடம் கிடைத்துவிட்டது. ஆகஸ்டில் புறப்படுகிறாள். எனக்கே நேற்றுத்தான் தெரியும். ஏன் ஒளித்தாய் என்று கேட்டேன்.

"அம்மாவ இம்புட்டு நாளும் டிவியிலதான்ப்பா பாத்தேன். கொஞ்ச காலம் கூட இருந்து பாக்குறேன்" என்றாள்.

நீங்க தனியா இருந்துக்குவீங்களா என்றும் கேட்டாள். இருந்துக்குவேன் என்று சொல்லிவிட்டு, சாயங்காலமே பெட்டி வாங்கக் கடைக்குக் கூட்டிப் போனேன்.

குளிர்காலம் முழுக்க டிரோம்சோவை விட்டு வடக்கே ஸ்வால்பார்டு தீவுகளில் புதுப் படம் என்று ஒத்துக்கொண்டிருக்கிறாயாம். போகாதே என்று இந்தப் பதினாலு வருசத்தில் உன்னிடம் ஒரு தடவைகூட நான் சொன்னதில்லை. சொல்லியிருக்கலாமோ, தெரியவில்லை. இந்த ஒரு முறை சொல்கிறேன், போகாதே. டிரோம்சோவில் அவளுக்கு அது முதல் குளிர்காலம். வகுப்பு முடிந்து வந்து கதவைத் தட்டும்போது திறக்க வீட்டில் ஆள் இருக்கட்டும்.

என்னைப் பற்றி யோசிக்காதே. மாதா உங்கள் இருவருக்கும் துணையிருக்கட்டும்.

அன்புடன்,
கஸ்பார்