இமயத்துக்கு நான்கு மண்வெட்டி

1974 ஜூன் 9, ஞாயிறு, காலை ஏழரை மணி. பொன்னேரியில் உன் வீட்டுக் கூடத்துச் சுவரில் நான்கு மண்வெட்டிகள் சாய்ந்திருக்கின்றன. பிடிகளுக்குப் புதிதாக எண்ணெய் போட்டிருக்கிறார்கள். அந்த வாசனையில் என்னால் உள்ளே உட்கார முடியவில்லை. வாசலில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

உன் நைனாவும் தெருக்காரர்கள் மூன்று பேரும் நாளை வடக்கே ரயிலேறுகிறார்கள். உன்னைத் தோண்டி எடுக்க.

சுற்றி வளைத்து எழுத எனக்கு வராது. இமயமலையில் ரோடு போடப் போனாய். மலை சரிந்து உன்னை மூடிவிட்டது. தேடுவதை நிறுத்திவிட்டதாகத் தந்தி வந்தாயிற்று. சர்வே படித்தவன் நான். அவர்கள் நிறுத்தியதற்குக் காரணம் புரிகிறது. அதை உன் நைனாவுக்கு எப்படிச் சொல்வது என்று எந்த வாத்தியாரும் நடத்தவில்லை.

நம் பாலிடெக்னிக் ஹாஸ்டலில் உன் கட்டிலுக்கு மேல் உலகப் படம் தொங்கும். பொன்னேரிக்காரனுக்கு ஏரிக்கரையை விட்டால் மேடு ஏது? மழை விட்ட காலையில் மேற்கே நாகலாபுரம் மலை நீலக்கோடாகத் தெரிந்தாலே அதிசயம். நீயோ ஆண்டீஸ் மேல் விரலை வைத்துத் தென்முனை வரைக்கும் இழுப்பாய்.

"இன்னாடா, ஏரிக்கரைய தாண்டாதவன் ஆண்டீஸ அளக்கிற?"

"மச்சான், ஒரு கண்டத்துக்கே முதுகெலும்புடா இது. மரியாதையா பேசு."

ஆல்ப்ஸ், ராக்கி, யூரல் என்று சொந்தக்காரர்களைப் போல விசாரிப்பாய். இமயத்து வேலையிலிருந்து முதல் லீவில் வந்தபோது ஸ்டேஷன் டீக்கடையில் சொன்னாய்: "நம்ம பக்கத்து மலைங்கல்லாம் கெய்வனுங்கடா. ஒக்காந்த எடத்துலயே ஒக்காந்துக்கினு கீறானுங்க. இமயம் வாலிபன். வளந்துக்கினே கீறான், உதுத்துக்கினே கீறான்."

நேற்று அதையே நைனாவிடம் சொல்லிப் பார்த்தேன். ஏரிக்கரை உடைந்தால் வீட்டுக்கு ஓர் ஆள் மண்வெட்டியோடு போவது உங்கள் தெரு வழக்கம். சரிந்த மண் என்றால் அவருக்கு எல்லாம் ஒன்றுதான்.

"நைனா, அது ஏரி மண்ணு இல்ல. மலையோட ஒரு பக்கமே கீய வந்துட்சி."

"எவ்ளோ ஒசரம் இருக்கும்?"

"நாகலாபுரம் மலைய ஒண்ணுமேல ஒண்ணா அஞ்சாறு வெச்சா வரும்."

பயந்து நிறுத்திவிடுவார் என்று நினைத்தேன். விரல் விட்டு எண்ணினார். பிறகு பக்கத்து வீட்டைப் பார்த்துக் குரல் கொடுத்தார்: "டேய், இன்னும் ரெண்டாள் சேத்துக்கலாமா?"

 மலை உயரத்தைக் கோடு கோடாகக் காட்டும் காண்டூர் மேப்பை விரித்துக் காட்டினேன். கோடுகளைத் தடவிப் பார்த்துவிட்டு, "இதுல புள்ள எங்க கீறான்?" என்று கேட்டார்.

நாளை நானும் அவர்களோடு ரயிலேறுகிறேன். இனி செய்ய வேண்டியவை:

1. நான் வேலை பார்க்கும் கும்மிடிப்பூண்டி சைட்டுக்கு லீவு எழுதிப் போடுவது. தரமாட்டார்கள். பரவாயில்லை.

2. நால்வருக்கும் எனக்கும் கம்பளி. ஜூன் மாத வெயிலில் எந்தக் கடையில் கேட்பது என்று தெரியவில்லை.

3. வழியில் மலையைப் பற்றி வாய் திறக்கக் கூடாது.

4. அங்கே போனதும் நைனா எந்த இடத்தைக் காட்டுகிறாரோ, அந்த இடத்தில் வெட்டுவது.