ஆளில்லாக் கூடு

ஆச்சி,

இன்று காலை முற்றத்தில் காயப்போட்டிருந்த வற்றல்மேல் ஈர மண்ணுருண்டை ஒன்று விழுந்தது. தகைவிலான் குருவிகள் கூடு கட்ட வந்துவிட்டன. ஊருணிச் சேற்று வாடையோடு உங்கள் பிரசங்கமும் நினைவுக்கு வந்தது.

இரண்டாங்கட்டு இறவாரத்தடியில் அறுபது எழுபது கூடுகள் ஒட்டிக்கொண்டிருக்கும். வருகிற விருந்தாளியையெல்லாம் அங்கே நிறுத்துவீர்கள். "பாருங்க, ஒரே கூரை, எத்தனை குடும்பம். ஒரு சண்டை உண்டா? நாங்களும் அப்படித்தேன் இருக்கோம்." ஒரு நாளாவது அண்ணாந்து முழுதாகப் பார்த்தீர்களா?

நான் பார்த்தேன். என் கணவர், உங்கள் கொழுந்தன், இறந்த வருஷம் எனக்கு வேறு வேலை இல்லை. ஜோடியில் ஒன்று மண் எடுக்கப் போனால் மற்றது கூட்டிலேயே இருக்கும். இரண்டும் போனால் பக்கத்துக் கூட்டுக்காரி காயாத மண்ணைக் கொத்தித் தன் சுவரில் அப்பிக்கொள்வாள். சமயத்தில் உள்ளே புகுந்து முட்டையும் இட்டுவிடுவாள். கம்பியில் வரிசையாக உட்காரும்போது மட்டும் அப்படியொரு ஒற்றுமை. உங்கள் சாயல்தான்.

நம் வீட்டில் மணமான மகனுக்கு ஆளுக்கு ஓர் அறை, தனி அடுப்பு. அந்த அறை போனால் எனக்குப் போக்கிடம் இல்லை. உங்கள் மூத்தவனுக்குப் பெண் பார்த்த சமயம், அவனுக்கு அறை வேண்டியிருந்தது. தேன் ஒழுக வந்தீர்கள்.

"கல்லல் ஊருல ஒன் அண்ணன் வீட்டுல ரெண்டு மாசம் இருந்துட்டு வா. அறையை நான் பாத்துக்கிறேன்."

"நீங்க சொல்றீக, சரி. நான் எங்குட்டும் போகலை ஆச்சி."

அண்ணன் மகள் கல்யாணத்துக்கும் போகவில்லை. அண்ணன் அதோடு பேச்சை விட்டார்.

சில வருஷம் கழித்துக் கண் ஆபரேஷனுக்கு நீங்கள் மதுரை போனீர்கள். திரும்பி வந்தால் உங்கள் கட்டில் விறகுக்கட்டுப் பக்கம் கிடந்தது. உங்கள் அறையில் உங்கள் மூத்தவனின் மாமியார். பச்சைத் துணி கட்டிய கண்ணோடு முற்றத்தில் நின்றீர்கள்.

"இங்குட்டு வாங்க" என்றேன்.

நாலு மாதம் என் அறையில் கிடந்துதான் போய்ச்சேர்ந்தீர்கள். நான் பக்கத்தைவிட்டு நகரவே இல்லை என்று ஊர் மெச்சியது. மண்ணாங்கட்டி. நான் வெளியே போன நேரம் உங்கள் மகன் வந்து, இது அம்மா அறை என்று சொல்லிவிடுவானோ என்ற பயம். மருந்து வாங்கக்கூட அடுத்த வீட்டுப் பெண்ணைத்தான் அனுப்பினேன்.

உங்களை முற்றத்தில் கிடத்தியபோது நிலைப்படியில் நின்றே அழுதேன். நிஜமாகவே அழுதேன் ஆச்சி. இறங்கி வரவில்லை.

எல்லோரும் மெட்ராஸ் போய்விட்டார்கள். என் அறையைக் கேட்க இனி ஆளில்லை. ஆனாலும் கோயிலுக்குப் போனால் தீபாராதனை முடியுமுன்னே வீட்டுக்கு ஓடி வந்துவிடுகிறேன்.