வாளி இல்லாத கக்கூஸ்

என் மலருக்கு,

நீ போன பிறகு எழுதும் முதல் கடிதம். வழமைபோல இரண்டு முழங்கைக்கும் நடுவில் பேனையை இறுக்கிக்கொண்டுதான் எழுதுகிறேன். எழுத்து கோணல்தான். நீ வாசித்துப் பழகியவள், மற்றவர்கள் கண்ணைச் சுருக்கி வாசிக்கட்டும்.

முதலில் ஒரு செய்தி. நம் வீட்டுக்குக் கறண்டில் வேலை செய்யும் கக்கூஸ் இருக்கை ஒன்று வந்திருக்கிறது. சிரிக்காதே. அதில் இருந்துகொண்டு ஒரு பொத்தானை அழுத்தினால் கீழேயிருந்து சின்னக் குழாய் ஒன்று நீண்டு வந்து இளஞ்சூட்டுத் தண்ணீரால் கழுவிவிடும். இன்னொன்றை அழுத்தினால் காற்று வந்து காயவைக்கும். கையே வேண்டாம். ஷெல்லடியில் இரண்டு கையையும் விட்டுவிட்டு வந்தவனுக்கு இதைவிட என்ன வேண்டும்?

அடுத்த செய்தி, உன் அண்ணனைப் பழிவாங்கிவிட்டேன். இரண்டும் ஒரே செய்திதான்.

உன்னைச் சுடலைக்குக் கொண்டுபோய்விட்டு வந்து எல்லோரும் பந்தலுக்குள் இருந்தோம். கிணற்றடியில் தோய்ந்த ஈரம்கூட எனக்குக் காயவில்லை. உன் அண்ணன் கதிரையை இழுத்து நடுவில் போட்டுக்கொண்டு கேட்டார்.

"எல்லாம் சரி, இனி இவரை ஆர் கழுவுறது? குமர்ப்பிள்ளையோ தேப்பனுக்குக் கழுவுறது? ஆரணியை நான் கூட்டிக்கொண்டு போறன். இவருக்கு ஒரு இல்லம் பாத்துவிடுவம்."

நம் மகள் ஆரணி குசினிக் கதவுக்குப் பின்னால் அடுப்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். எனக்கு எது அதிகம் நொந்தது தெரியுமா? கேள்வியில் பிழை இல்லை என்பதுதான்.

"ஒரு வருசத்துக்கு, ஆட்டைத் திவசம் முடியுமட்டும் பிள்ளை இஞ்ச நிக்கட்டும், மச்சான்" என்று கெஞ்சினேன். அந்த ஆளிடம் கெஞ்சினேன், மலர். கையில்லாத என்னைக் கட்டப்போகிறேன் என்று நீ சொன்னபோது, "குண்டி கழுவவோ உன்னை வளத்தனாங்கள்?" என்று கேட்ட மனிதரிடம். நீ அதை எனக்குச் சொல்லவேயில்லை. ஊர் சொன்னது.

அதன் பிறகு பக்கத்து வீட்டு மேசன் தவம்தான் காலையில் வந்தான். ஹோஸ் பைப்பைப் பிடித்தபடி முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு கிரிக்கெட்டைப் பற்றிக் கதைப்பான். நல்லவன். நல்லவனுக்கு முன்னால் படும் வெட்கம் இன்னும் பொல்லாதது. அவன் வெளியூர் வேலைக்குப் போகும் நாட்களில் நான் முதல்நாளே சாப்பாட்டைக் குறைத்துவிடுவேன். ஆரணி கேட்டால் பசியில்லை என்பேன்.

என்னிடம் ரியூசன் படித்த பெடியன் ஒருவன் கொழும்பில் கடையில் நிற்கிறான். அவன்தான் இந்த இருக்கையைப் பற்றிச் சொல்லி, பஸ்ஸில் போட்டும் விட்டான். பெட்டியைத் திறந்த பிறகுதான் தெரிந்தது, அது கொமட்டுக்கு மேலே பூட்டுவது. நம்முடையதோ வீட்டுத்திட்டத்தில் கட்டித்தந்த, குந்தியிருக்கும் கக்கூஸ். தவம் அதை உடைத்துக் கொமட் வைத்தான். தண்ணீரூற்றுச் சந்தியில் உன் அண்ணனின் ஹாட்வெயார் கடை வாசலில் கொமட்டுகள் அடுக்கிக் கிடக்கின்றன. நாங்கள் கிளிநொச்சிக்குப் போய் வாங்கினோம். அந்தக் கடையில் ஒரு ஆணிகூட வாங்கக்கூடாது என்று தவத்திடம் கண்டிப்பாகச் சொல்லியிருந்தேன்.

குசினியிலிருந்து வயர் இழுத்து, எர்த் அடித்து, இரண்டு முறை சரிபார்க்க வைத்தேன். கறண்டும் தண்ணீரும் சேருமிடம், மிஞ்சியிருக்கும் உடம்பையாவது காப்பாற்ற வேண்டாமா? பூட்டி முடித்துப் பார்த்தால் தண்ணீர் சொட்டுச் சொட்டாகத்தான் வந்தது. தண்ணீர்த் தாங்கியை இன்னும் உயரத்துக்கு ஏற்றினோம். ஆள் இருந்தால்தான் அது வேலை செய்யும் என்பதால் தவம் இருக்கையைக் கையால் அழுத்திக்கொண்டு உள்ளே எட்டிப் பார்த்தான். தண்ணீர் அவன் மூக்குக்குள் அடித்தது. நீ போன பிறகு ஆரணி வாய்விட்டுச் சிரித்தது அன்றைக்குத்தான்.

அதோடு வந்த றிமோட்டில் பொத்தான்கள் மிகச் சின்னன், என் முழங்கைக்கு அகப்படவில்லை. ஆரணி அவற்றின் மேல் சோடா மூடிகளை ஒட்டி, நகப்பூச்சால் நிறம் பூசினாள். சிவப்புக் கழுவ, பச்சை காயவைக்க, கறுப்புத் தண்ணீரின் வேகத்தைக் கூட்ட. நீ இலாஸ்டிக் வைத்துத் தைத்துத் தந்த சாரத்தோடு நான் உள்ளே போனேன். கொண்டியை முழங்கையால் தள்ளிப் பூட்டினேன். எத்தனை வருடத்துக்குப் பிறகு கக்கூஸ் கதவை உள்ளே நின்று பூட்டியிருக்கிறேன்! அங்கேயே இருந்து அழுதேன். வெளியே தவம், "என்ன மச்சான், சுடுதே?" என்று கேட்டுக்கொண்டு நின்றான்.

நல்ல புத்தி அத்தோடு முடிந்தது. கதவுக்கு வெளியே நின்று அழுத்தினாலும் றிமோட் வேலை செய்கிறதா என்று தவத்தை உள்ளே இருத்திப் பார்த்தேன். செய்தது. வாளியையும் கோப்பையையும் ஹோஸ் பைப்பையும் அவனுடைய மாட்டுக்கொட்டிலுக்குக் கொடுத்துவிட்டேன்.

தவணை முடிந்ததென்று, திவசத்தன்று உன் அண்ணன் ஆரணியை ஏற்றிக்கொண்டுபோக வான் பிடித்துக்கொண்டு வந்தார். படையலுக்குப் பிறகு வயிறு நிறையச் சாப்பிட்டார். "பிள்ளை, உடுப்புகளை எடுத்து வை" என்று ஆரணியிடம் சொல்லிவிட்டுக் கக்கூஸுக்குப் போனார். விருந்துச் சாப்பாடு அவருக்கு வயிற்றில் தங்காது என்பது உனக்குத் தெரியாததா? நான் றிமோட்டைக் கமக்கட்டுக்குள் வைத்துக்கொண்டு பின்னால் போய்க் கதவடியில் நின்றேன். பந்தல் கூப்பிடு தூரத்தில்.

"மச்சான்! இஞ்ச வாளியைக் காணேல்லை!"

"ஓம் மச்சான். இந்த வீட்டில வாளி இல்லை."

"பைப்பும் இல்லையே! அப்ப நான் என்னெண்டு கழுவுறது?"

பந்தலில் இருந்தவர்கள் கக்கூஸ் பக்கம் திரும்பினார்கள். இதற்காகத்தானே, மலர், ஒரு வருடம் காத்திருந்தேன்.

"நீங்கள் ஒண்டும் செய்ய வேண்டாம். ஆடாமல் அசையாமல் இருங்கோ. நான் கழுவிவிடுறன்."

றிமோட்டைத் திண்ணைக் குந்தில் வைத்து, கறுப்பு மூடியை ஏறுமட்டும் அழுத்தினேன். பிறகு சிவப்பை.

"ஐயோ அம்மா!"

"எழும்பாதேங்கோ மச்சான், சாரம் நனைஞ்சுபோம். அவசரமில்லை, வடிவாக் கழுவுவம்."

தவம் பந்தல் காலைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். பெரியவர்கள் சால்வையால் வாயைப் பொத்தினார்கள். உன் சின்னம்மாவுக்குப் புரைக்கேறிவிட்டது. நான் சிரிக்கவில்லை. பச்சையையும் அழுத்தி, காயும்வரை காவல் நின்றேன். கையில்லாதவன் உன் அண்ணனுக்குக் கழுவிவிட்டான், ஊரே சாட்சி.

அவர் வெளியே வந்து ஒருவரையும் பார்க்கவில்லை. ஆரணி நேரே போய் அவருக்கு முன்னால் நின்றாள்.

"மாமா, அப்பாவை இனி ஆரும் கழுவத் தேவையில்லை. நான் இஞ்சதான் இருப்பன். தேத்தண்ணி குடிச்சிட்டுப் போங்கோ."

"இப்பதான் குடிச்சனான், பிள்ளை" என்றுவிட்டு வானில் ஏறிப் போய்விட்டார்.

பாவம் அண்ணா, என்று நீ சொல்வாய். சொல்லாதே. "இப்பதான் குடிச்சனான்" என்பதை நான் எத்தனை தரம் கேட்டிருப்பேன்? அவர் வந்த போதெல்லாம் நீ தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வருவாய், அவர் இதைச் சொல்வார், நீ குசினிக்குள் போய் அதை நீயே குடிப்பாய். "அண்ணாவுக்குச் சீனி வருத்தம்" என்று எனக்குச் சாட்டுச் சொல்வாய். அதே மனிதர் தவம் வீட்டில் சீனி கூடப் போடச் சொல்லிக் குடித்ததை நான் பார்த்திருக்கிறேன். என்னைக் கழுவிய கை என்றுதானே உன் கையை அருவருத்தார்? உனக்கும் தெரிந்திருந்தது, இல்லையா?

என்னைச் சொன்னதற்கு அந்தத் தண்ணீர் போதும். உன் கையை வேண்டாமென்றதற்குப் போதாது.

போன கிழமை அவர் ஆரணிக்குப் போன் எடுத்தார். முழங்கால் மடங்குதில்லையென்று கடைக் கொமட்டில் ஒன்றை வைத்தாராம், இருந்துகொண்டு வளைந்து கழுவ ஏலாதாம். "கொப்பர் அந்தச் சீற் எங்க எடுத்தவர் எண்டு கேட்டுச் சொல்லு பிள்ளை" என்றாராம். நான் சொல்லவில்லை. சொல்வதாக இருந்தால் இப்படித்தான் சொல்வேன். அவர் வரட்டும். அன்றைக்குப் போட்ட இடத்தில் கதிரையைப் போடட்டும். அன்றைக்கு இருந்தவர்கள் இருக்கட்டும். "என்ர தங்கச்சியின்ர கையால நான் ஒரு வாய்த் தேத்தண்ணி குடிக்கேல்லை, அவள் போயிட்டாள்" என்று வாய் திறந்து சொல்லட்டும். அந்த நிமிடமே கடையின் பெயரைச் சொல்வேன், தவத்தை அனுப்பிப் பூட்டியும் கொடுப்பேன்.

அதுவரை வாய் திறக்கமாட்டேன், இது உனக்கு நான் தரும் வாக்கு. அதுவரை அவர் வாளியோடு வளையட்டும்.

உன் கைத் தேத்தண்ணியை ஒருநாளும் வேண்டாமென்று சொல்லாத,
உன்ர மனுசன்