மூன்றாம் டப்பா

மஞ்சக்குட்டை
18 ஜூன் 1934

அன்புத் தம்பி ஐயாக்கண்ணுக்கு,

அக்கா எழுதுகிறேன். மழை பிடித்து ஆறு நாளாகிறது. துணி காயவில்லை, விறகு எரியவில்லை, மற்றபடி சுகம். காளியாயிக்கு வாந்தி நின்றதா? சீரகத் தண்ணீர் வைத்துக் கொடு. பட்டணத்து வெயிலில் அவளை அதிகம் அலையவிடாதே. அவள் வயிற்றில் இருப்பது உங்கள் தலைப்பிள்ளை.

ஒரு சேதி. உங்கள் ஆய்வுக்கூடத்துப் பெரிய டாக்டர் போன வாரம் இங்கே வந்திருந்தார். இந்த எஸ்டேட் மருந்துச்சாலையில் பத்து வருஷமாக மருத்துவச்சியாக இருக்கிறேன். ஒரு டாக்டர் என்னை நாற்காலியில் உட்காரச் சொல்லிப் பேசியது இதுதான் முதல் தடவை. உன்னைப் பற்றியும் சொன்னார். "உன் தம்பி நல்ல கைக்காரன்" என்றார். எனக்குப் பெருமையாக இருந்தது.

மலைக்காய்ச்சலுக்குப் புது மாத்திரை வந்திருக்கிறதாம். எங்கள் எஸ்டேட்டில் மூன்று லயன்களில் ஆட்கள் குடியிருக்கிறார்கள் அல்லவா, லயனுக்கு ஒன்றாக மூன்று தகர டப்பா கொடுத்திருக்கிறார். மூன்றிலும் ஒரே அளவு, ஒரே சர்க்கரைப் பூச்சு. எதில் என்ன மருந்து என்று எனக்கும் சொல்ல மாட்டாராம். தெரிந்தால் என் மனசு ஒரு பக்கம் சாயுமாம். தினமும் காலையில் ஆளுக்கு ஒன்று நான் கொடுக்க வேண்டும். வாரம் ஒரு முறை விரல் நுனியில் குத்தி ரத்தம் எடுத்துக் கண்ணாடித் தகட்டில் தடவி அனுப்ப வேண்டும். இது முடியும்வரை வேறு காய்ச்சல் மருந்து யாருக்கும் கூடாதாம். அதனால் நாங்கள் இதுவரை கொடுத்துவந்த கொயினா மருந்தின் அலமாரியைப் பூட்டிச் சாவியை எஸ்டேட் துரை எடுத்துக்கொண்டார்.

எஸ்டேட் கணக்கு எழுதும் ரைட்டர் ஒரு இங்கிலீஷ் காகிதத்தில் எல்லாரிடமும் கைரேகை வாங்கினார். என்ன எழுதியிருக்கிறது என்று யாரும் கேட்கவில்லை, அவரும் படிக்கவில்லை. டாக்டர் ஆட்கள் முன்னாலேயே ஒரு மாத்திரையை விழுங்கிக் காட்டினார். ஒன்றாம் லயன் பூவாயி மட்டும் என் காதோடு, "ஏனுங்க நர்ஸக்கா, இதைத் தின்னா எம்புள்ளைக்குக் காச்ச வராதுங்களா?" என்றாள். "வராதுன்னுதான் சொல்றாங்க கண்ணு" என்றேன். போன வருஷம் நான் காய்ச்சலில் கிடந்தபோது பதினோரு நாள் எனக்குக் கஞ்சி காய்ச்சி ஊற்றியவள் அவள்தான்.

உன் வேலையைப் பற்றி நீ எழுதுவதே இல்லை. அங்கே என்னதான் செய்கிறாய்?

உன் அக்கா
கிருஷ்ணம்மாள்


சென்னை
2 ஜூலை 1934

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. காளியாயிக்கு இப்போது பரவாயில்லை. மோர் சாதம் மட்டும் உள்ளே தங்குகிறது.

என் வேலை கேட்டீர்கள். சொல்லக் கூடாதது ஒன்றும் இல்லை, சொல்லப் பிடிக்கவில்லை, அவ்வளவுதான். நான் குரங்கு பார்க்கிறேன். முப்பது குரங்கு இருக்கிறது, சில நம்ம மலையில் பிடித்தவை. தீனி போடுவது, கூண்டு கழுவுவது, ஊசி போடும்போது பிடித்துக்கொள்வது. முதலில் எல்லாவற்றுக்கும் காய்ச்சல் ஏற்றுவார்கள். பிறகு மூன்று பங்காகப் பிரித்து, ஒரு பங்குக்குப் புது மருந்து, ஒரு பங்குக்குக் கொயினா. மூன்றாவது பங்குக்கு ஒன்றும் கிடையாது. மருந்து இல்லாவிட்டால் என்ன ஆகும் என்று பார்த்தால்தான் மருந்தின் குணம் தெரியுமாம். அந்தக் கூண்டுகள் ஒரு வாரத்தில் காலியாகிவிடும். பிழைத்தவற்றையும் விடுவதில்லை, மண்ணீரலை அறுத்துப் பார்க்க வேண்டுமே.

வந்த புதிதில் ஒரு குட்டிக்குப் பெயர் வைத்தேன். அப்புறம் எதற்கும் வைப்பதில்லை. நடுக்கம் வந்தால் அவை நம்மைப் போலவே இரண்டு கையாலும் தங்களைக் கட்டிக்கொண்டு உட்காரும். அதைப் பார்த்துக்கொண்டே நான் சாப்பிடுகிறேன். கை பழகிவிட்டது, அக்கா. சாயங்காலம் குவார்ட்டர்சுக்கு வந்தால் பேசத்தான் தெம்பு இருப்பதில்லை. காளியாயி கோபித்துக்கொள்கிறாள்.

டாக்டர் கெட்டவர் இல்லை. அவருடைய தம்பி இந்தக் காய்ச்சலில்தான் செத்தாராம்.

உங்கள் தம்பி
ஐயாக்கண்ணு


மஞ்சக்குட்டை
20 ஆகஸ்ட் 1934

அன்புத் தம்பிக்கு,

காளியாயிக்கு ஐந்தாம் மாதம் ஆரம்பித்திருக்கும். குழந்தை அசைவது தெரிகிறதா என்று கேட்டு எழுது.

எனக்கு ஒரு கவலை. ஒன்றாம் லயன் ஆட்களுக்கு உதடு நீலம் பாய்கிறது. நகமும் நாவல்பழம் தின்ற மாதிரி இருக்கிறது. வயிற்றைப் பிசைகிறது என்கிறார்கள். பூவாயிக்குத்தான் அதிகம். ஏற்கனவே ரத்தமில்லாத உடம்பு. நேற்று காப்பிப் பழச்செடிக் காட்டுச் சரிவில் களை வெட்டும்போது மயங்கி உட்கார்ந்துவிட்டாள். அவள் புருஷன் சென்றாயன் தோளில் தூக்கிக்கொண்டு வந்தான். "செத்த நேரம் குந்தியிருந்தாச் செரியாப் போயிருமுங்க" என்று சிரிக்கிறாள், கறுத்த உதட்டை வைத்துக்கொண்டு.

டாக்டருக்கு எழுதினேன். "எதிர்பார்த்ததுதான், தொடர்ந்து கொடுக்கவும்" என்று ஒரு வரி வந்தது. ரைட்டரிடம் சொன்னால், "நமக்கெதுக்குங்க அம்மா" என்கிறார்.

இரண்டாம் லயனிலும் சிலருக்குக் குமட்டல் இருக்கிறது. மூன்றாம் லயனில் மட்டும் யாருக்கும் ஒரு தொந்தரவும் இல்லை. அந்த மூன்றாம் டப்பாதான் பழைய கொயினாவாக இருக்கும் என்று நினைக்கிறேன். பூவாயிக்கு மட்டும் அதிலிருந்து மாற்றிக் கொடுத்துவிடலாமா என்று இருக்கிறது. நீ அங்கே இருப்பவன், உனக்குத் தெரியும். மூன்றாம் டப்பா நல்லதுதானே? ஒரு வரி எழுது. யாரிடமும் சொல்ல மாட்டேன்.

உன் அக்கா
கிருஷ்ணம்மாள்


சென்னை
30 ஆகஸ்ட் 1934

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். காளியாயியும் நலம். குழந்தை அசைகிறதாம்.

டப்பா விஷயமாக எதுவும் வெளியே சொல்வதில்லை என்று கையெழுத்துப் போட்டிருக்கிறேன். தெரிந்தால் வேலையும் போகும், இந்த குவார்ட்டர்சும் போகும். இனிமேல் இதைக் கேட்டு எழுதாதீர்கள்.

ஒன்று மட்டும் சொல்கிறேன். மூன்றாம் டப்பாவால் யாருக்கும் ஒரு கெடுதலும் வராது.

உங்கள் தம்பி
ஐயாக்கண்ணு


மஞ்சக்குட்டை
11 நவம்பர் 1934

தம்பிக்கு,

பூவாயி போய்விட்டாள். முந்தாநாள் பொழுது கிளம்பும்போது. காப்பிப் பழம் எடுக்க ஆள் கூப்பிடும் கொம்பு ஊதிக்கொண்டிருந்தது.

உன் கடிதம் வந்த மறுநாளிலிருந்து அவளுக்கு மூன்றாம் டப்பாவிலிருந்துதான் கொடுத்தேன். பத்து நாளில் உதடு சிவந்தது, சோறு இறங்கியது. "நர்ஸக்கா கை ராசிங்க" என்று லயன் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தாள். ஐப்பசி மழை விட்டதும் காய்ச்சல் வந்தது. கொயினா தின்கிறவளுக்கு இப்படி வரலாமா என்று நினைத்தேனே தவிர, வேறு நினைக்கவில்லை. அந்த டப்பாவிலிருந்தே இரண்டு இரண்டாகக் கொடுத்தேன், பிறகு மூன்று மூன்றாக. நான்காம் நாள் ஆளைத் தெரியவில்லை. மகள் ராசாத்தியைப் பார்த்து, "இது ஆரு ஊட்டுப் புள்ளைங்க?" என்று என்னைக் கேட்டாள். நாலு வயசுக் குழந்தை அம்மா அம்மா என்று அவள் சேலையைப் பிடித்து இழுக்கிறது.

சாவி கேட்டுத் துரை பங்களாவுக்கு ஓடினேன். டாக்டர் உத்தரவு இல்லாமல் முடியாது என்றார். தந்தி கொடுத்தார்கள். பதில் வருவதற்குள் முடிந்துவிட்டது.

மூன்றாம் லயனில் இப்போது பதினேழு பேர் காய்ச்சலில் கிடக்கிறார்கள். ஒன்றாம் லயனில் ஒருவர், இரண்டாம் லயனில் இரண்டு பேர்.

ஒரு மாத்திரையை உடைத்து நாக்கில் வைத்துப் பார்த்தேன். கசக்கவே இல்லை.

அதில் என்ன இருக்கிறது, ஐயாக்கண்ணு?

கிருஷ்ணம்மாள்


சென்னை
17 நவம்பர் 1934

அக்கா,

மாவு. அரிசி மாவும் சீமைச்சுண்ணாம்பும். நான்தான் பிசைந்து அச்சில் அழுத்தினேன். சர்க்கரைப் பாகும் நான்தான் பூசினேன். இரண்டாம் டப்பாதான் கொயினா.

கெடுதல் வராது என்று எழுதியபோது, மாவால் என்ன கெடுதல் வரும், பொய் எழுதவில்லை என்று சொல்லிக்கொண்டேன். அந்த ஒரு வரியை மூன்று தடவை எழுதிக் கிழித்தேன். நீங்கள் கொயினா என்று நினைத்துக்கொண்டிருந்தது எனக்குத் தெரியும். "இல்லை" என்று எழுதினால் நீங்கள் சும்மா இருக்க மாட்டீர்கள், விஷயம் வெளியே வரும், என்னைத் துரத்துவார்கள் என்று பயந்தேன். நாலைந்து மாதத்தில் பிள்ளை பிறக்கப்போகும் வீடு இது என்று நினைத்தேன். இப்படி ஆகும் என்று நினைக்கவில்லை என்று எழுதக்கூட எனக்கு வாய் இல்லை. கூண்டு காலியாவதைத் தினமும் பார்க்கிறவன் நான்.

நேற்று டாக்டரிடம் போய், டப்பாவில் இருப்பதை என் அக்காவுக்கு எழுதப் போகிறேன் என்று சொல்லிவிட்டேன். அவர் சத்தம் போடவில்லை. இனி வேலைக்கு வர வேண்டாம், வருஷக் கடைசிவரை குவார்ட்டர்சில் இருக்கலாம் என்றார்.

அக்கா, எனக்குக் கேட்க முகம் இல்லை. காளியாயிக்குத் தை மாதம் சொல்லியிருக்கிறார்கள். உங்கள் கையில்தான் பிள்ளை பெறுவேன் என்று அழுகிறாள். அவளிடம் ஒன்றும் சொல்லவில்லை. நாங்கள் மலைக்கு வரலாமா?

உங்கள் தம்பி
ஐயாக்கண்ணு


ஏற்காடு
16 டிசம்பர் 1934

ஐயாக்கண்ணுக்கு,

பதில் எழுத ஒரு மாதம் ஆகிவிட்டது. வேலை இருந்தது. அதோடு, எழுத உட்கார்ந்தால் மனசு வரவில்லை.

உன் கடிதம் வந்த அன்று மத்தியானமே கொடுவாளின் பின்பக்கத்தால் கொயினா அலமாரிப் பூட்டை அடித்து உடைத்தேன். ரைட்டர் வாசலில் நின்று, "வேண்டாமுங்க அம்மா, வேண்டாமுங்க" என்று சொன்னாரே ஒழிய, தடுக்கவில்லை. பிறகு அவரே வந்து புட்டிகளை எடுத்துக் கொடுத்தார். மூன்றாம் லயனில் வீடு வீடாகப் போய், இத்தனை நாளாக நான் உங்களுக்குக் கொடுத்தது மாவு என்று சொல்லிச் சொல்லிக் கொயினா கொடுத்தேன். பதினேழு பேரில் பதினாறு பேர் எழுந்துவிட்டார்கள். குப்பாயி எழவில்லை. ஒன்றாம் லயனிலும் உள்ளதைச் சொன்னேன். அதில் பாதிப் பேர், உதடு நீலமானாலும் பரவாயில்லை, காய்ச்சல் இல்லையே, அந்த மாத்திரையே குடுங்க என்றார்கள். முதலிலேயே கேட்டுக் கொடுத்திருந்தால் அவர்களே சரி என்றிருப்பார்கள்.

டாக்டர் வந்தார். அன்றைக்கும் என்னை உட்காரச் சொன்னார். நான் உட்காரவில்லை. இந்த மருந்து தேறிவிட்டால் லட்சம் பேர் பிழைப்பார்கள், நீ ஐந்து மாத வேலையைப் பாழாக்கிவிட்டாய் என்றார். "இருக்கலாமுங்க. ஆனா பூவாயிகிட்ட ஆரும் ஒரு வார்த்தை கேக்கலீங்களே" என்றேன். எனக்கு அதற்குமேல் பேசப் பிடிக்கவில்லை. எஸ்டேட் வேலை போய்விட்டது. இப்போது ஏற்காட்டுக் கடைவீதிக்குப் பின்னால் ஒரு அறை பிடித்து, கூப்பிட்ட வீட்டுக்குப் பிரசவம் பார்க்கப் போகிறேன்.

ஒன்று சொல்லிவிடுகிறேன். அவளை ஒன்றாம் டப்பாவிலேயே விட்டிருந்தால், நீல உதட்டோடு இன்றைக்கும் பழம் எடுத்துக்கொண்டிருப்பாளோ என்னவோ. மாற்றியது என் கை. உன்மேல் கோபப்பட உட்கார்ந்தால், பாதியில் அது என்மேல் திரும்பிவிடுகிறது.

சென்றாயன் குழந்தையைக் கூட்டிக்கொண்டு மாரமங்கலத்தில் அவன் அக்கா வீட்டுக்குப் போய்விட்டான். போன வாரம் நடந்தே போய் அவனைப் பார்த்தேன். டப்பாவை மாற்றியது நான்தான் என்று சொன்னேன். திட்டவில்லை. மிளகுக் கொடியைக் கட்டிக்கொண்டிருந்தவன் கையிலிருந்த நாரைக் கீழே வைத்தான். "அப்போ ரெண்டு மாசமா மருந்தே இல்லீங்களா? வெறும் மாவுங்களா?" என்று இரண்டு தடவை கேட்டான். ஆமாம் என்றேன். அப்புறம், "அது மாவுன்னு ஆருக்குமே தெரியாதுங்களா, நர்ஸக்கா?" என்று கேட்டான்.

அதற்கு மட்டும் நான் பதில் சொல்லவில்லை. அது நீ சொல்ல வேண்டிய பதில்.

காளியாயியை அனுப்பு. சேலத்தில் பஸ் ஏற்றிவிட்டால் போதும், நான் இறக்கிக்கொள்கிறேன். பிள்ளையை நல்லபடியாக எடுத்துக் கொடுப்பேன், அதற்குப் பயப்பட வேண்டாம். நீ அவளோடு வராதே. நீ முதலில் மாரமங்கலம் போ. சென்றாயனிடம் நீயே உன் வாயால் சொல்லு. அவன் என்ன சொன்னாலும் கேட்டுக்கொள். ஒன்றும் சொல்லாவிட்டால், எழுந்து வந்துவிடாமல் அவன் பக்கத்திலேயே கொஞ்ச நேரம் உட்கார்ந்திரு.

அதற்குப் பிறகு என் வீட்டுக்கு வா.

கிருஷ்ணம்மாள்