கமலாபாயின் தாய்மொழி

பிப்ரவரி 14, 1951, புதன்.

இன்று சென்சஸ் எடுக்கக் குன்னத்துகால் போனேன். கடைசி வீட்டில் கமலாபாய் தனியாக இருந்தாள். தாய்மொழி கேட்டேன். அதன் பெயர் அவளுக்குத் தெரியவில்லை.

"வீட்டுப் பேச்சாக்கும் சாறே. அக்காளும் செத்துப்போனா. இனி ஆருகிட்டப் பேச?"

சில சொற்கள் சொல்லச் சொன்னேன். தண்ணீருக்கு 'பாணி' என்றாள். மராத்தி வகையாக இருக்கலாம், நிச்சயமில்லை.

இந்தப் பகுதி தமிழ்நாட்டோடு சேர ஒவ்வொரு தலையும் தமிழ்க் கணக்கில் வேண்டும் என்று கட்சிக் கூட்டத்தில் சொல்லியிருந்தார்கள். எனக்கும் அந்த வெறி உண்டு. சீட்டில் 'தமிழ்' என்று எழுதினேன்.

"எங்க பேச்சை எழுதியாச்சா?" என்றாள். அவளுக்கு வாசிக்கத் தெரியாது.

"எழுதியாச்சு."

சீட்டைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். பிறகு அந்தப் பேச்சிலேயே என்னிடம் நெடுநேரம் பேசினாள். புரிந்ததுபோலத் தலையாட்டிக்கொண்டிருந்தேன்.