தெளிந்துபோன குளம்

11 பிப்ரவரி 1995

ஏழாம் எண் குட்டையில் தட்டு முப்பத்திரண்டு சென்டிமீட்டரில் மறைந்தது. நல்ல அளவு. கறுப்பும் வெள்ளையும் பூசிய தட்டைக் கயிற்றில் கட்டி இறக்க வேண்டும். சீக்கிரம் மறைந்தால் தண்ணீரில் மிதக்கும் நுண்ணுயிர்கள் நிறைய, இறால் குஞ்சுக்குத் தீனி உண்டு என்று அர்த்தம். பிறகு பட்டு வலையில் அரித்த சொட்டை மைக்ராஸ்கோப்பில் வைத்து எண்ணுவேன். பி.எஸ்சி. விலங்கியலுக்கு இந்த இறால் பண்ணையில் கிடைத்த வேலை. எங்கள் தெருவில் முதல் பட்டதாரி நான்தான்.

இன்று முழுக்க முள் சங்கிலிகள். கடல்நீர் ஏறிவரும் ஓடையிலிருந்து இறைக்கும் தண்ணீரோடு வருபவை. ஒவ்வொன்றும் ஒரு கண்ணாடிப் பெட்டி. மூலைக்கு மூலை நீண்ட முள். கைகோத்து வரிசையாக நிற்கும். புத்தகத்தில் பெரிய பெயர் இருக்கிறது. எனக்கு முள் சங்கிலி போதும்.

சூப்பர்வைசர் செல்லதுரை எட்டிப் பார்த்து, "ஏன் வேம்பு, அதுங்ககிட்டயாச்சும் வாயத் தொறந்து பேசுவியா?" என்றார். சிரித்து வைத்தேன். அதுங்களிடம் பேசுவேன்தான்.

வரும் வழியில் ஊர் வடிகாலில் தண்ணீர் ஓடியது. அப்பாவிடம் சொன்னேன். முகம் மலர்ந்துவிட்டது.

14 பிப்ரவரி

குளத்து வாய்மடையைத் திறந்தார்கள். சம்பா அறுவடை முடிந்ததும் வயல்களின் கடைசித் தண்ணீர் வடிகாலில் வரும். அதைக் கோடைக்குக் குளத்தில் பிடித்து வைப்பது எங்கள் தெரு வழக்கம். மூன்றாவது படி வரைக்கும் ஏறிவிட்டது.

2 மார்ச்

குளம் தெளிந்துவிட்டது. எப்போதும் செம்மண்ணும் பச்சையும் கலந்த கலங்கல்தான். இன்று அடியில் கிடக்கும் சிப்பி தெரிகிறது. எதிர்வீட்டுக் காளியம்மாள் அத்தை, "மாரியாத்தா கண்ணத் தொறந்துட்டா" என்று குடம் குடமாகச் சுமந்தாள். எனக்கும் சந்தோஷம்தான். அழகாக இருந்ததே.

9 மார்ச்

பருப்பு வேகவில்லை. விறகு தீர்ந்ததுதான் மிச்சம். அம்மா கரண்டியால் நசுக்கிப் பார்த்து, "கல்லு மாதிரி இருக்குடி" என்றாள். பசு தொட்டியில் வாய் வைத்துவிட்டுத் தலையை உதறியது.

நாக்கில் வைத்துப் பார்த்தேன். உப்பு.

12 மார்ச்

குளத்துத் தண்ணீரை ஒரு பாட்டிலில் எடுத்துப்போய், செல்லதுரை டீ குடிக்கப் போனபோது பார்த்தேன்.

நீர்த்தெள்ளு ஒன்றுகூட இல்லை. முன்பெல்லாம் சொட்டுக்கு நாலைந்து துள்ளும். கெண்டைக் குஞ்சு அதைத் தின்றுதான் வளரும். பச்சைப் பாசி இழை இல்லை. ஆனால் முள் சங்கிலிகள். உடைந்தும் உடையாமலும். அவை செத்தாலும் கண்ணாடி ஓடு மிஞ்சும்.

கடலிலிருந்து ஏழு மைல் உள்ளே, எங்கள் குளத்தில்.

பதிவேட்டைப் புரட்டினேன். பிப்ரவரி 11 முதல் 14 வரை: ஐந்து, ஆறு, ஏழாம் எண் குட்டைகள், மூன்றில் ஒரு பங்கு தண்ணீர் வெளியேற்றம். என் கையெழுத்து. கழிவுத் தண்ணீர் கடல் பக்கம் போகிறது என்று வேலையில் சேர்ந்த அன்றே சொன்னார்கள். நம்பினேன். விட்டது ஊர் வடிகாலில். காலையில் அதை எழுதிவிட்டு, சாயங்காலம் வடிகாலைப் பார்த்துவிட்டு, அப்பாகிட்ட ஓடிப் போய்ச் சொன்னவ யாரு? நான்தானே. படிச்சு என்னத்தக் கிழிச்சேன்?

15 மார்ச்

தெருவிலிருந்து மனு போயிருக்கிறது. 27ஆம் தேதி ஆர்.டி.ஓ. விசாரிக்க வருகிறார்.

பண்ணைப் பங்குதாரர் நடராசன் கூப்பிட்டு அனுப்பினார். இவருடைய அப்பாவின் வயலில்தான் என் அப்பா ஏர் ஓட்டினார். பிறகு உச்சவரம்புச் சட்டத்தில் எங்கள் தெருவுக்கு ஆளுக்கு மூன்று மா நிலம் கிடைத்தது. பட்டா கைக்கு வர இரண்டு ஆட்சி மாற வேண்டியிருந்தது. இப்போது பண்ணைக்கு அந்த நிலமும் வேண்டும். குளம் கெட்டதிலிருந்து நாலு வீட்டார் விலை கேட்டுப் போயிருக்கிறார்கள்.

மேஜையில் புதுப் பதிவேடு ஒன்று இருந்தது.

"பிப்ரவரி மாசத்த மட்டும் இதுல காப்பி பண்ணிடும்மா. அந்த நாலு நாள் தண்ணி மாத்தலைன்னு போட்ரு."

நான் தரையைப் பார்த்தேன்.

செல்லதுரை: "கடலோர ஊரு. உப்பு அடியிலேருந்து தானா ஊறி மேல வரும். நீ படிச்ச புள்ளதானே?"

உப்பு ஊறும். முள் சங்கிலி மண்ணுக்குள்ளே நடந்து வருமா? இதை அங்கேயே கேட்டிருக்க வேண்டும். சைக்கிளில் பாதி வழி வந்த பிறகுதான் வாய்க்கு வந்தது.

17 மார்ச்

எழுதவில்லை.

18 மார்ச்

இன்றும் புதுப் பதிவேட்டில் எழுதவில்லை. "கை வலியா?" என்றார் செல்லதுரை. ஆமாம் என்றேன்.

19 மார்ச்

ஞாயிறு. முத்துப்பேட்டைக்குப் போய் ஆசியாவைப் பார்த்தேன். கல்லூரியில் என் பக்கத்து இருக்கை. இப்போது பள்ளிக்கூட ஆய்வகத்தில் வேலை. பாட்டிலைக் கொடுத்தேன். அரை மணி நேரம் பார்த்து, படம் வரைந்து, தேதி போட்டுக் கையெழுத்தும் போட்டாள். காப்பி பண்ணக் கொடுத்த பழைய பதிவேட்டைப் பையில் கொண்டுபோயிருந்தேன், அந்த நாலு பக்கத்துக்கு நகல் எடுத்தோம்.

"வைவாவுல பேர் கேட்டாலே அழுவ. ஆர்.டி.ஓ. முன்னால என்னடி பண்ணுவே?"

"தெரியல."

"அழுதுகிட்டாச்சும் சொல்லிடு."

22 மார்ச்

அப்பாவிடம் சொன்னேன். தண்ணீர் யாருடையது, வடிகாலில் வருகிறது என்று சொன்னவள் யார், எல்லாம். அப்பா எழுந்து வாசல் வரை போய் வந்தார். பிறகு, "நீ பாத்ததச் சொன்னே. தெறந்தது எங்க கை. அத ஊருக்கும் சொல்லிடு பாப்பா, நாளைக்கு அவனுவ வாயால வரக் கூடாது" என்றார்.

மாரியம்மன் கோயில் வாசலில் சொன்னேன். குரல் எழும்பவில்லை, அப்பா ஒவ்வொரு வரியையும் திருப்பிச் சொன்னார். காளியம்மாள் அத்தை எழுந்தாள்.

"சம்பளத்துக்கு ஊருக் குளத்த வித்துட்டு, இப்ப கத சொல்றியா?"

யாரும் அவளை அடக்கவில்லை. அவள் வீட்டிலும்தான் பருப்பு வேகவில்லை.

27 மார்ச்

நடந்ததை நடந்தபடி எழுதி வைக்கிறேன்.

ஆர்.டி.ஓ. குளக்கரைக்கு வந்தார். செல்லதுரை கண்ணாடி டம்ளரில் தண்ணீர் மொண்டு வெயிலில் தூக்கிக் காட்டினார். "பாருங்க சார், பளிங்கு. ஃபில்டர் போட்ட மாதிரி. நன்றி சொல்றத விட்டுட்டு மனு குடுக்குறாங்க." கூட வந்தவர்கள் சிரித்தார்கள்.

ஆர்.டி.ஓ.வும் பார்த்தார். "தண்ணி தெளிவாத்தானே இருக்கு? என்ன புகார்?"

அப்பா என்னைப் பார்த்தார்.

"ஐயா, தெளிவா இருக்கறதுதான் புகார்" என்றேன்.

என் குரல்தானா என்று எனக்கே சந்தேகம். பக்கத்து ஊர்க் குளத்துத் தண்ணீரை ஒரு பாட்டிலில் வைத்திருந்தேன், கலங்கலாக, பச்சையாக. அதை டம்ளருக்குப் பக்கத்தில் நீட்டினேன். நம்ம மண்ணுத் தண்ணி இப்படித்தான் இருக்கும். களிமண் தூள் மிதக்கும், அதுகூடக் கண்ணுக்குத் தெரியாத கோடி உசுரு மிதக்கும். உப்பு சேர்ந்தால் தூள் கட்டி கட்டியாகி அடியில் படிந்துவிடும். மிதந்த உசுரும் செத்துவிடும். அப்புறம் பளிங்குதான். பிறகு ஆசியாவின் படம், பதிவேட்டின் நகல், தேதி. மூச்சு விடாமல் சொன்னேன்.

நடராசன் குறுக்கே வந்தார். "கம்பெனி பதிவேட்டத் திருடியிருக்கா சார். அப்பன் எங்க வயல்ல ஏர் ஓட்டினவன்."

"ஆமாங்க. இப்ப அவரு சொந்த வயல்ல ஓட்டுறாரு. பதிவேடு உங்களோடதுதான், கையெழுத்து என்னோடது. அத மாத்தி எழுதச் சொன்னதும் நீங்கதான்."

ஆர்.டி.ஓ. நகலை வாங்கிக்கொண்டார். "அறிக்கை அனுப்புறேன்" என்றார். அவ்வளவுதான்.

28 மார்ச்

வேலை போயிற்று. கேட்டிலேயே சொல்லிவிட்டார்கள்.

21 ஏப்ரல்

அறிக்கை எந்த மேஜையில் இருக்கிறதோ. கீழ்க்கடைசியில் இரண்டு வீட்டார் நிலத்தை எழுதிக் கொடுத்துவிட்டார்கள். நேற்றுப் பண்ணையில் புது ஷெட் திறப்பு விழா. ஆளுங்கட்சிக் கொடி ஒரு பக்கம், எதிர்க்கட்சிக் கொடி ஒரு பக்கம், நடுவில் நடராசன். மாலை இரண்டு பக்கத்திலிருந்தும்.

ஆசியா ஒரு பழைய மைக்ராஸ்கோப்பை இரவல் வாங்கிக் கொடுத்திருக்கிறாள். வாரம் ஒருமுறை வடிகால், குளம், இரண்டும் பார்த்து எழுதுகிறேன். யாரும் கேட்கவில்லை. எழுதுகிறேன்.

8 ஜூன்

வடிகாலில் மறுபடியும் முள் சங்கிலிகள். இந்த முறை உயிரோடு. அந்தத் தண்ணீர் பக்கத்து ஊர் வாய்மடை வரை போய்விட்டது. சைக்கிளை எடுத்துக்கொண்டு போய் அந்த ஊர்க்காரர்களிடம் நானே சொன்னேன், மடையைத் திறக்க வேண்டாம் என்று. நாலு ஆம்பளைகளிடம். நேராக முகத்தைப் பார்த்து.

14 ஜூன்

விடிந்ததும் வடிகாலுக்கு நடுவில் மண் கொட்டி அணை போட்டு, அதன் மேல் உட்கார்ந்தோம். எங்கள் தெருவிலிருந்து முப்பத்தோரு பெண்கள், பக்கத்து ஊரிலிருந்து பதினைந்து பேர். நான் கடைசியில் உட்காரப் போனேன். காளியம்மாள் அத்தை கையைப் பிடித்து இழுத்து முன்னால் தள்ளினாள். "ஏண்டி, பேச வேண்டியவ பின்னால குந்தினா நாங்க என்னத்த ஒப்பிக்கிறது?"

பண்ணைத் தண்ணீர் அணைக்குப் பின்னால் ஏறி, மதியத்துக்குள் அவர்கள் ஷெட்டையே தொட்டது. அதன் பிறகுதான் தண்ணீர் இறைக்கும் இன்ஜினை நிறுத்தினார்கள். போலீஸ் வந்தது. ஏட்டு ஒவ்வொருவராகப் பெயர் எழுதினார்.

"பேரு?"

"வேம்பு. அப்பா பேரு மருதையன். பி.எஸ்சி."

"வேல?"

இப்ப வேலை இல்லைங்க என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அத்தை முந்திக்கொண்டாள்.

"ரெண்டு ஊருக்கும் தண்ணி பாக்குறவ. அப்படியே எழுதுங்க ஏட்டய்யா."

அவர் என்னைப் பார்த்தார். நான் தலையாட்டினேன். எழுதிக்கொண்டார்.

17 ஜூன்

மூன்று நாளாக இன்ஜின் ஓடவில்லை. அணை மேல் இன்று என் முறை.